ராணுவ விமானத்தால் பொதுமக்களுக்குக் காயம்: ஐசிடி-10-சிஎம் கோட் போடும் முறை

ஐசிடி-10-சிஎம் என்பது நோய்களுக்கும் காயங்களுக்கும் அவற்றின் காரணங்களுக்கும் அமெரிக்காவில் பயன்படும் கோட் பட்டியல். சார்ட்டைப் படித்து அந்தக் கோட்களைப் போடுபவர் கோடர். அமெரிக்க மருத்துவமனை சார்ட்டில் "போர் விமானம்" என்ற சொல்லைப் பார்த்ததும் பல கோடர்களின் கை ஒய்36 பக்கம் போய்விடுகிறது. ஒய்36 போர்ச் செயல்பாடுகளுக்கு உரியது. அமைதிக்காலத்தில் பயிற்சிக்குக் கிளம்பிய ஜெட் குடியிருப்பின் மேல் விழுந்தால் அது பெரும்பாலும் போக்குவரத்து விபத்துதான். தேட வேண்டிய இடம் வி97.81.

முதலில் எழுத்துகளைப் பற்றி ஒரு வார்த்தை. தமிழ் உச்சரிப்பில் எழுதும்போது கோடின் தொடக்கத்தில் வரும் டி ஆங்கில அகரவரிசையின் 20-ஆம் எழுத்து. கடைசியில் வரும் டி 4-ஆம் எழுத்து.

வி97.81-க்குக் கீழே மூன்று கோட்கள். ராணுவ விமானத்தோடு விபத்தில் சிக்கிய சிவில் விமானத்துக்கு வி97.810. ராணுவ விமானத்தால் காயமுற்ற பொதுமக்களுக்கு வி97.811. இரண்டிலும் அடங்காத ராணுவ விமான விபத்துகளுக்கு வி97.818. அடிபட்டவர் எங்கே இருந்தார் என்பதுதான் தேர்வை முடிவு செய்யும். 2025 ஜனவரி 29 அன்று வாஷிங்டனில் பயணிகள் ஜெட்டும் ராணுவ ஹெலிகாப்டரும் மோதியதில் 67 பேர் இறந்தார்கள். அதுபோன்ற மோதலில் பயணி ஒருவர் காயத்தோடு பிழைத்து வந்தால் வி97.810. 2012 ஏப்ரல் 6 அன்று வர்ஜீனியா பீச்சில் கடற்படையின் எஃப்/ஏ-18டி விமானம் அடுக்குமாடி வீடுகள் மேல் விழுந்தது, யாரும் இறக்கவில்லை. அப்படிப்பட்ட கட்டடத்தில் குடியிருந்து காயம்பட்டவருக்கு வி97.811.

உண்மையான சிக்கல் ஒய்37-ல் இருக்கிறது. அமைதிக்கால ராணுவச் செயல்பாடுகளுக்கான இந்தப் பிரிவின் உள்ளடக்கக் குறிப்பு, ராணுவ வளாகத்திலும் வழக்கமான பயிற்சிகளிலும் காயமுறும் பொதுமக்களையும் சேர்த்துக்கொள்கிறது. விமான அழிவுக்கு ஒய்37.1 வரிசை, அதில் ஆறாவது இடத்தில் 0 என்றால் ராணுவத்தினர், 1 என்றால் பொதுமக்கள். அதே ஒய்37-ன் விலக்குக் குறிப்பு, சிவில் விமானத்தோடு நடந்த மோதலை வி97.81-க்குத் திருப்பிவிடுகிறது. ஆகவே வானில் நடந்த மோதலில் குழப்பம் இல்லை. பயிற்சி விமானம் தனியார் வீட்டில் விழுந்தால்தான் இரண்டு பக்கமும் வாதம் எழும். எங்கள் பரிந்துரை இது: ராணுவத் தளத்துக்கு வெளியே, பயிற்சியில் எந்தப் பங்கும் இல்லாதவருக்கு வி97.811, தளத்துக்குள் வேலை பார்த்த ஒப்பந்தத் தொழிலாளிக்கு ஒய்37. இதை உங்கள் நிறுவனத்தின் கோடிங் கொள்கையில் எழுதி வையுங்கள். இல்லாவிட்டால் ஒரே விபத்திலிருந்து வந்த பத்து சார்ட்டும் பத்து விதமாகப் போகும். சந்தேகத்துக்கு இரண்டையும் சேர்த்துப் போடுவது தீர்வாகாது.

போர் நடக்கும் இடத்தில் விமானம் அழிந்து பொதுமக்கள் காயமுற்றால் ஒய்36.1 வரிசை. விமானத்திலிருந்து போட்ட குண்டால் வந்த காயம் என்றால் ஒய்36.211.

கோடின் ஏழாவது எழுத்து சிகிச்சை எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்பதைச் சொல்லும். அதில்தான் அதிகம் தவறுகிறார்கள். வி97.811 ஏற்கெனவே ஆறு இடங்களை நிரப்பிவிட்டது, ஆகவே நேராக வி97.811ஏ. நடுவில் காலி இடத்தை நிரப்பும் எக்ஸ் நுழைத்தால் எட்டு இடங்களாகிச் செல்லாமல் போகும். விமானத்திலிருந்து விழுந்த பொருளால் அடிபடுவதற்கான வி97.31-க்கு ஐந்து இடம்தான். அதற்கு எக்ஸ் கட்டாயம்: வி97.31எக்ஸ்ஏ. ஏ என்றால் முதல் வருகை என்று நினைப்பது பழைய தவறு. காயத்துக்கான நேரடிச் சிகிச்சை நடக்கும்வரை ஏ-தான். மூன்றாவது வாரத்தில் வேறொரு அறுவை நிபுணர் தோல் ஒட்டு செய்தாலும் ஏ. ஆறிவரும் கட்டத்தில் கட்டு மாற்றவும் பரிசோதனைக்கும் வந்தால் டி. தழும்புக்காகப் பின்னாளில் வந்தால் எஸ்: முதலில் தழும்புக்கு எல்90.5, பிறகு பழைய காயத்தின் கோட் எஸ் எழுத்தோடு, பிறகு வி97.811எஸ். திறந்த எலும்பு முறிவில் காயக் கோட் பி அல்லது சி-யில் முடியலாம். காயம் எப்படி வந்தது என்று சொல்லும் வி97.811 போன்ற வெளிக்காரணக் கோடுக்கு ஏ, டி, எஸ் மட்டுமே உண்டு. காயத்தின் எழுத்தை அப்படியே நகலெடுக்காதீர்கள்.

வெளிக்காரணக் கோட் ஒருபோதும் முதல் நோயறிதலாக வராது. போட்டால் கிளெய்ம் (காப்பீட்டுக் கோரிக்கை) தொடக்கச் சரிபார்ப்பிலேயே நிற்கும். ஒரு மாதிரி பார்ப்போம். அடுக்குமாடி வீட்டுச் சமையலறையில் சமைத்துக்கொண்டிருந்த பெண். வலது முன்கையில் இரண்டாம் நிலைத் தீக்காயம், உடல் பரப்பில் 10 சதவீதத்துக்கும் குறைவு. இடது செவிப்பறை கிழிந்திருக்கிறது. இடது கையில் மணிக்கட்டுக்குக் கீழே கண்ணாடி வெட்டு.

டி22.211ஏ, டி31.0, எஸ்09.22எக்ஸ்ஏ, எஸ்61.412ஏ, வி97.811ஏ, ஒய்92.030, ஒய்93.ஜி3, ஒய்99.8.

தீக்காயத்தின் பரப்பைச் சொல்லும் டி31.0-க்கு ஏழாவது எழுத்து கிடையாது. வெட்டுக்குள் கண்ணாடித் துண்டு தங்கியிருந்தால் எஸ்61.422ஏ ஆகிவிடும், எக்ஸ்ரே அறிக்கையைப் படிக்காமல் முடிவு செய்யாதீர்கள். புகையைச் சுவாசித்ததாக மருத்துவர் எழுதியிருந்தால் டி59.811ஏ சேரும். செவிலியர் குறிப்பில் "இருமல்" என்று இருப்பது அதற்குப் போதாது.

ஒய்92 (நடந்த இடம்), ஒய்93 (செய்துகொண்டிருந்த செயல்), ஒய்99 (பணியில் இருந்தாரா என்ற நிலை) மூன்றும் முதல் சந்திப்பில் ஒரே முறை. இடமோ செயலோ பதிவாகாவிட்டால் "குறிப்பிடப்படாத" கோடைத் தேடிப் போடாமல் விட்டுவிடுங்கள். "ராணுவம்" என்ற சொல்லைப் பார்த்து மென்பொருள் ஒய்99.1-ஐ நீட்டும். அது ராணுவப் பணியில் இருந்தவருக்கு. வீட்டில் இருந்தவருக்கு ஒய்99.8, சம்பள வேலையில் இருந்த விவசாயத் தொழிலாளிக்கு ஒய்99.0, வயலுக்கு ஒய்92.73.

காயமே இல்லாமல் பரிசோதனைக்கு மட்டும் அழைத்துவரப்பட்டவருக்கு இசட்04.1 முதலில். சிறு சிராய்ப்பு இருந்தாலும் அதைக் கோட் செய்யுங்கள், இசட்04.1 வேண்டாம்.

பணப் பக்கம். வி97.811ஏ போன கிளெய்முக்குக் காப்பீட்டு நிறுவனம் விபத்து விவரம் கேட்பது வழக்கம், ஏனெனில் பொறுப்பு வேறொருவர் தலையில் இருக்கலாம். மருத்துவர் கட்டணத்துக்கான சிஎம்எஸ்-1500 படிவத்தில் 10சி கட்டத்தில் (வேறு விபத்து) "ஆம்". வேலையிடக் காயமானால் 10ஏ-வும் (வேலை தொடர்பு) ஒய்99.0-வோடு ஒத்துப்போக வேண்டும். மருத்துவமனைக் கட்டணத்துக்கான யுபி-04 படிவத்தில் வெளிக்காரணத்துக்கு 72-ஆம் கட்டத்தில் மூன்றே இடம், ஆகவே வி97.811ஏ முதலில், மிச்சம் பின்னால். மூன்றாம் தரப்புப் பொறுப்பு என்றால் நிகழ்வுக் கோட் 03-உம் விபத்துத் தேதியும் வேண்டும். கூட்டாட்சி அரசிடம் இழப்பீடு கேட்கும் நோயாளி எஸ்எஃப்-95 படிவத்தை இரண்டு ஆண்டுக்குள் கொடுக்க வேண்டும். அதற்காக சார்ட் நகல் கேட்டு வருவார்.

இறப்புச் சான்றிதழுக்கு இந்தக் கோட்கள் பொருந்தாது. அங்கே உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10, அதில் வி97.8-க்குக் கீழே இந்தக் கிளைகள் கிடையாது. ஆண்டுப் புதுப்பிப்பு அக்டோபர் 1-இல் நடைமுறைக்கு வரும். வெளிநோயாளிக்குச் சேவைத் தேதிப்படியும் உள்நோயாளிக்கு டிஸ்சார்ஜ் தேதிப்படியும் பட்டியலைத் தேர்ந்தெடுங்கள்.