ஆடியோ ஏற மறுக்கிறதா? இந்தத் தவறுகளைச் செய்யாதீர்கள்

வீடியோ எடிட்டிங் பழகுகிறவர்கள் பக்கத்தில் உட்கார்ந்தால் என் பழைய கோமாளித்தனங்களையே மறுபடி பார்ப்பது போலிருக்கும். ட்ராக் மியூட்டில் இருக்கிறதா, ஹெட்போன் செருகியிருக்கிறதா என்பதையெல்லாம் நீங்களே பார்த்திருப்பீர்கள். அதை விடுவோம்.

ரீநேம் செய்தால் ஃபார்மட் மாறாது

வாட்ஸ்அப் குரல் பதிவை பிரீமியர் என்ற எடிட்டிங் மென்பொருள் ஏற்கவில்லை என்றதும், ஃபைல் பெயரின் கடைசியில் எம்பி3 என்று மாற்றிவிட்டு மறுபடி இழுத்துப் பார்க்கிறார்கள். சட்டையை மாற்றினால் ஆள் மாறிவிடுவானா? உள்ளே இருப்பது ஓபஸ் என்ற வேறு ஆடியோ ஃபார்மட்தான். ஷட்டர் என்கோடர் போன்ற, ஃபார்மட் மாற்றும் மென்பொருள் ஒன்றில் போட்டு, 48 கிலோஹெர்ட்ஸ் வேவ் ஃபைலாக மாற்றுங்கள். 16 பிட் ஸ்டீரியோ என்றால் நிமிடத்துக்கு 11 எம்பிக்கு மேல் பிடிக்கும். பிடிக்கட்டும்.

எம்கேவி

திரையைப் பதிவு செய்யும் ஓபிஎஸ் மென்பொருளில் எடுத்த வீடியோ எம்கேவி ஃபார்மட்டில் இருக்கிறதா? அதை வேறு ஃபார்மட்டுக்கு மாற்றித்தரும் ரீமக்ஸ் வசதி ஓபிஎஸ்ஸிலேயே இருக்கிறது. எம்பி4 ஆக்கிக்கொண்டு வாருங்கள்.

நழுவும் ஆடியோவைக் கையால் இழுப்பது

இதை யாராவது செய்தால் இன்றைக்கும் எனக்கு எரிச்சல் வரும். முதன்முதலில் போனில் எடுத்த ஒரு நீண்ட நேர்காணலை எடிட் செய்தேன். தொடக்கத்தில் உதடும் குரலும் கச்சிதமாகப் பொருந்தின. பத்தாவது நிமிடத்தில் ஏதோ உறுத்தியது. அரை மணி நேரம் தாண்டியதும் அவர் வாயை மூடிய பிறகும் பேசிக்கொண்டிருந்தார்! நான் என்ன செய்தேன்? இரண்டு நிமிடத்துக்கு ஒரு வெட்டு வெட்டி, ஆடியோவை நாலைந்து ஃபிரேம் (வீடியோவின் ஒவ்வொரு தனிப் படமும் ஒரு ஃபிரேம்) முன்னே தள்ளினேன். இரண்டு இரவு போனது. மறுநாள் "கடைசிக் கேள்வியை முதலில் வைக்கலாமா?" என்றார்கள். அவ்வளவுதான், எல்லாம் கலைந்தது.

குற்றம் ஆடியோவில் இல்லை. வெளிச்சம் குறைந்தால் பல போன்கள் நொடிக்கு எடுக்கும் ஃபிரேம்களைக் குறைத்துக்கொள்ளும், அப்புறம் கூட்டும். எடிட்டிங் மென்பொருளோ எல்லா நொடியிலும் ஒரே எண்ணிக்கை என்று கணக்குப் போடுகிறது. நொடிக்கு 30 ஃபிரேமா, 29.97 ஃபிரேமா என்ற சின்ன வித்தியாசமே ஒரு மணி நேரத்தில் 3.6 நொடி விலக்கிவிடும். இப்போது சில மென்பொருள்கள் இதைச் சமாளிக்கின்றன என்றாலும் நான் நம்புவதில்லை.

ஃபைலின் விவரங்களைக் காட்டும் மீடியாஇன்ஃபோ மென்பொருளில் ஃபைலைத் திறங்கள். ஃபிரேம் ரேட் மோட் என்ற இடத்தில் வேரியபிள் (மாறிக்கொண்டே இருப்பது) என்றிருந்தால், வீடியோவை மாற்றித்தரும் ஹேண்ட்பிரேக் மென்பொருளில் கான்ஸ்டன்ட் (மாறாத) ஃபிரேம் ரேட்டைத் தேர்ந்தெடுத்து மாற்றிவிடுங்கள். முதல் வெட்டுக்கு முன்னால்! பாதி எடிட் முடிந்தபின் மாற்றி, பழைய ஃபைலின் இடத்தில் புதியதை இணைத்தால் (ரீலிங்க்), ஃபிரேம் எண்ணிக்கை வேறாகி, போட்ட வெட்டுகள் எல்லாம் இடம் மாறி நிற்கும். அதையும் நான் செய்து பார்த்திருக்கிறேன்.

பென்டிரைவிலிருந்து நேராக டைம்லைனுக்கு

வேண்டவே வேண்டாம். முதலில் கம்ப்யூட்டரில் காப்பி செய்துவிட்டு, அங்கிருந்து இழுங்கள்.