மண்டி மிரட்டல்: போலீஸ் பாதுகாப்பு கேட்பவர்கள் சறுக்கும் இடங்கள்

மண்டியில் ஒருவர் மிரட்டுகிறார் என்று போலீசில் மனு கொடுக்கும்போது ரசீது வாங்காமல் வருவது, தேதி போடாமல் எழுதுவது போன்ற தவறுகள் எல்லோருக்கும் தெரிந்தவைதான். விவரம் தெரிந்த வியாபாரிகளே திரும்பத் திரும்பச் சறுக்கும் இடங்கள் வேறு.

மிரட்டல் புகாரில் பழைய கணக்கைக் கலப்பது

மனு பெரும்பாலும் இப்படித்தான் தொடங்கும்: "எதிர்மனுதாரர் எனக்கு மூன்று லட்சம் பாக்கி. என் லோடுகாரர்களை இழுத்துக்கொண்டார். சங்கத் தேர்தலிலும் துரோகம் செய்தார்." அடித்துவிடுவேன் என்று மிரட்டியது மூன்றாம் பக்கத்தில்தான் வரும். அதுவரை எஸ்.ஐ. எங்கே படிக்கப் போகிறார்? சி.எஸ்.ஆர். ரசீது (மனு வாங்கியதற்கான ஸ்டேஷன் ஒப்புகை) கையில் கிடைக்கும். பிறகு "சிவில் தன்மை உடையது, நீதிமன்றத்தை அணுக அறிவுறுத்தப்பட்டது" என்று முடித்துவிடுவார்கள்.

அப்படி முடிக்க அவர்களுக்கு வழி அமைத்துக் கொடுப்பது மனுதாரரேதான். வாரண்ட் இல்லாமல் கைது செய்யக்கூடிய குற்றம் என்றால் எஃப்.ஐ.ஆர். கட்டாயம் என்று 2013-இல் லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதே தீர்ப்பு, வணிகத் தகராறுகளில் முதல்கட்ட விசாரணை நடத்தலாம் என்றும் இடம் விட்டிருக்கிறது. பாக்கிக் கணக்கை முதல் பக்கத்தில் வைத்தால் அந்த இடம் திறந்துகொள்ளும். நாளைக்கு அதே ஆள் வண்டியை அடித்து நொறுக்கினாலும், "இது பணத் தகராறு என்று போலீஸே எழுதியிருக்கிறதே" என்று அவர் வக்கீல் முன்ஜாமீன் மனுவில் அந்தக் காகிதத்தைக் காட்டுவார்.

ஒரே பக்கம், ஒரே சம்பவம் போதும். தேதி, நேரம், எந்த கேட், கடை எண், அவர் வாயிலிருந்து வந்த வார்த்தை (கெட்ட வார்த்தை உட்பட, அப்படியே), கேட்ட லோடுமேன்களின் பெயர், அதனால் நடந்த நஷ்டம் ஆகியவை இருக்க வேண்டும். பாக்கி விவகாரம் கடைசியில் ஒரு வரி, காரணமாக மட்டும்.

அவர் செய்ததையும் எழுதுங்கள். வெறும் வாய்மிரட்டல், பி.என்.எஸ். (இப்போதைய தண்டனைச் சட்டம்) 351(2)-இன்படி, மாஜிஸ்திரேட் உத்தரவு இல்லாமல் போலீஸ் விசாரிக்க முடியாத வகை. டெம்போவை மறித்தது 126(2)-இல் வரும், பயமுறுத்தி மாமூல் பறித்தது 308-இல் வரும்; இரண்டிலும் போலீஸே நேரடியாக வழக்குப் போடலாம். "மிரட்டினார்" என்று நாலு தடவை எழுதிவிட்டு, வண்டி அரை மணி நேரம் கேட்டிலேயே நின்றதை விட்டுவிடுகிறார்களே, அதைத்தான் பொறுக்க முடியவில்லை.

"பந்தோபஸ்து வேண்டும்" என்று மொட்டையாகக் கேட்பது

கடைக்கு ஒரு போலீஸ்காரரை உட்கார வைக்க மாட்டார்கள். லோடு இறங்கும் நேரத்தைக் குறிப்பிட்டு, அப்போது ரோந்து வரவும் பீட் புத்தகத்தில் (ரோந்துப் போலீஸ் பதியும் குறிப்பேடு) உங்கள் கடையைச் சேர்க்கவும் கேளுங்கள். பி.என்.எஸ்.எஸ். (குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 126-இன் கீழ் எதிராளியிடம் அமைதி காப்பதற்கான பிணைப்பத்திரம் வாங்கச் சொல்லுங்கள்; ஓராண்டு வரை எழுதி வாங்கலாம். மீறினால் மிச்சக் காலத்துக்கு உள்ளே போக நேரிடும். ஆனால் இரு தரப்பின் மீதும் போடுவது ஸ்டேஷன் வழக்கம். நீங்களும் கையெழுத்துப் போட்டிருந்தால், வாய்ச்சண்டைக்குக்கூடப் போகாதீர்கள்.

சமாதானக் கடிதம்

சமாதானமாகப் போகிறோம் என்று ஸ்டேஷனில் எழுதிக் கொடுக்கும் கடிதத்தில் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

கேமரா இருக்கிறதே என்ற தைரியம்

டி.வி.ஆர். (கேமரா காட்சியைப் பதியும் பெட்டி) நிறைந்ததும் பழைய பதிவின் மேல் புதியதை எழுதிவிடும். அன்றைக்கே பென்டிரைவில் எடுங்கள், மூலப் பதிவையும் அழிய விடாதீர்கள். பி.எஸ்.ஏ. (சாட்சியச் சட்டம்) 63-இன்படி ஹேஷ் மதிப்போடு (கோப்பு மாற்றப்படவில்லை என்று காட்டும் குறியீடு) சான்றிதழ் இல்லாவிட்டால் நீதிமன்றத்தில் அந்தப் பிரதி நிற்காது.

நேரே உயர் நீதிமன்றத்துக்கு ஓடுவது

ஸ்டேஷனில் மனுவை எடுக்கவில்லையா? பி.என்.எஸ்.எஸ். 173(4)-இன்படி எஸ்.பி.க்குப் பதிவுத் தபால். அதற்கும் அசையவில்லை என்றால் 175(3)-இல் மாஜிஸ்திரேட்டிடம் பிரமாண வாக்குமூலத்தோடு மனு. இந்தப் படிகளைத் தாண்டிப் போனால், அவற்றை ஏன் செய்யவில்லை என்பதுதான் உயர் நீதிமன்றத்தில் முதல் கேள்வி. கடையின் சுவாதீனமே (கடை யார் கைவசம் என்பதே) தகராறு என்றால், முதலில் சிவில் கோர்ட்டில் இடைக்காலத் தடை வாங்குங்கள். அதைக் காட்டிப் பாதுகாப்பு கேட்பது எளிது.

தள்ளுவண்டிக்காரர்கள்

2014 தெரு வியாபாரிகள் சட்டத்தின் 27-ஆம் பிரிவு உங்களுக்காகவே இருக்கிறது: தெரு வியாபாரச் சான்றிதழில் உள்ளபடி வியாபாரம் செய்பவரை யாரும் தடுக்கக் கூடாது, போலீஸ் உட்பட. மனுவோடு சான்றிதழ் நகலை இணையுங்கள். சான்றிதழில் குறித்த இடத்தைவிட்டு வேறு முனையில் வண்டி நின்றிருந்தால் இந்தப் பிரிவு கைகொடுக்காது.