இடமாற்றத்தை எதிர்க்கும் அரச உத்தியோகத்தர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

இடமாற்றக் கடிதம் கைக்குக் கிடைத்ததும் எந்த ஊருக்கு என்பதைத்தான் எல்லோரும் முதலில் பார்க்கிறார்கள். சட்டத்தின் கண்ணில் அதைவிட முக்கியமானது, அதில் ஒப்பமிட்டவர் யார், யாருடைய அதிகாரத்தின் கீழ் ஒப்பமிட்டார் என்பதாகும். திருகோணமலையில் இதைக் கவனிக்காமல் விடுவது எளிது. கிழக்கு மாகாண சபையின் அமைச்சுகளும் மாகாண அரசாங்க சேவை ஆணைக்குழுவும் இங்கே இருக்கின்றன. கச்சேரி எனப்படும் மாவட்டச் செயலகமும் மத்திய திணைக்களங்களின் அலுவலகங்களும் இதே நகரில்தான் இயங்குகின்றன. ஒரே பேருந்தில் வேலைக்குப் போகும் இரண்டு ஆசிரியைகளில் ஒருவர் மத்திய அரசின் கீழுள்ள தேசிய பாடசாலையிலும் மற்றவர் மாகாணப் பாடசாலையிலும் கற்பித்தால், அவர்களுடைய இடமாற்றங்கள் வெவ்வேறு அதிகாரிகளிடமிருந்து வருகின்றன. அவற்றை எதிர்க்கும் வழிகளும் வெவ்வேறானவை.

மத்திய சேவையில் உள்ளவருக்கு, அரசியலமைப்பின் 55 ஆம் உறுப்புரைப்படி இடமாற்ற அதிகாரம் அரசாங்க சேவை ஆணைக்குழுவிடம் உள்ளது. அந்த ஆணைக்குழுவின் குழுவொன்றோ அதிகாரம் கையளிக்கப்பட்ட அதிகாரியோ பிறப்பித்த கட்டளைக்கு எதிராக 58 ஆம் உறுப்புரையின் கீழ் ஆணைக்குழுவிடமும், ஆணைக்குழுவின் முடிவுக்கு எதிராக 59 ஆம் உறுப்புரையின் கீழ் நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபையிடமும் மேன்முறையீடு செய்யலாம். இவ்வழி இருக்க, நேரே மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை (அதிகாரியின் சட்டவிரோத முடிவை இரத்துச் செய்வது போன்ற நீதிமன்ற ஆணை) கோரி மனுத் தாக்கல் செய்பவரை 61அ உறுப்புரை மறித்துவிடுகிறது. நியாயசபைக்கான வழியையும், 126 ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் அடிப்படை உரிமை மனுவையும் தவிர, ஆணைக்குழுவின் கட்டளைகளை நீதிமன்றங்கள் விசாரிப்பதை அது தடுக்கிறது. தவறான வாசலில் காத்திருந்த காலம் பிறகு திரும்பக் கிடைக்காது. மாகாண சேவையில் நிலைமை வேறு. 1987 ஆம் ஆண்டின் 42 ஆம் இலக்க மாகாண சபைகள் சட்டம், மாகாண ஆணைக்குழுவின் இடமாற்றக் கட்டளையை மாற்றவோ இரத்துச் செய்யவோ ஆளுநருக்கு அதிகாரம் அளிக்கிறது. மாகாணங்களுக்கு ஒப்படைக்கப்பட்ட விடயங்களைக் கூறும் மாகாண சபைப் பட்டியலில் அடங்கும் விடயங்களில் எழுத்தாணை கோரி மாகாண மேல் நீதிமன்றத்தை நாடவும் முடியும்.

மிகப் பலரை வீழ்த்தும் தவறு காலம் பற்றியது. அடிப்படை உரிமை மனுவை உரிமை மீறப்பட்ட ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும். பணிப்பாளரிடம் மேன்முறையீடு கொடுத்திருக்கிறேன், பாராளுமன்ற உறுப்பினர் பேசுவதாகச் சொல்லியிருக்கிறார், அடுத்த இடமாற்ற சபையில் பார்க்கலாம் என்கிறார்கள் என்று நாட்களைக் கடத்துவதால் அந்த ஒரு மாதம் நின்றுவிடுவதில்லை. 1996 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கச் சட்டத்தின் 13 ஆம் பிரிவு ஒரு விலக்கைத் தருகிறது: அதே ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறைப்பாடு செய்திருந்தால், அங்கு விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது. ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகம் திருகோணமலையிலேயே இருக்கிறது. ஆனாலும் முறைப்பாட்டின் பற்றுச்சீட்டு மட்டும் போதும் என்று நம்பிவிடக் கூடாது. விசாரணை உண்மையில் நடந்ததற்கான சான்றைக் கேட்ட தீர்ப்புகள் உள்ளன. கொழும்பு புதுக்கடைக்குப் போய்ச் சட்டத்தரணியைச் சந்தித்து, ஆவணங்களைக் கொடுத்து, சத்தியக்கடதாசி முடிப்பதற்கும் நாட்கள் தேவைப்படுவதால், கடைசி வாரம் வரை பொறுத்திருப்பது ஆபத்தானது. எழுத்தாணை மனுவுக்கு இத்தகைய குறித்த கெடு இல்லாவிட்டாலும், விளக்கமில்லாத தாமதம் ஒன்றே அது தள்ளுபடியாகப் போதுமானது.

மேன்முறையீடு கொடுத்துவிட்டோம் என்ற தைரியத்தில் புதிய இடத்தில் கடமையேற்காமல் வீட்டில் இருப்பது இன்னும் பாரதூரமானது. மேன்முறையீடு தானாகவே தடையுத்தரவு ஆகிவிடாது. கட்டளை இடைநிறுத்தப்படாத நிலையில் அனுமதியின்றிச் சமுகமளிக்காதவர் பதவியை வறிதாக்கியவராக, அதாவது தாமே வேலையை விட்டு நீங்கியவராக, கணிக்கப்படலாம். அதன்பின் வழக்கு இடமாற்றம் பற்றியதாக இல்லாமல் வேலையே பற்றியதாகிவிடும். எதிர்ப்பை எழுத்தில் பதிவுசெய்து, கடமையை ஏற்றுக்கொண்டே வழக்காடுவதுதான் பாதுகாப்பான வழி.

மனுவின் உள்ளடக்கத்திலும் பலர் சறுக்குகிறார்கள். மூதூர் வலயத்தில் கற்பிக்கும் ஓர் ஆசிரியை, சேவையின் தேவை கருதி என்ற ஒரே வரியுடன் புல்மோட்டைக்கு மாற்றப்படுகிறார் என்று வைத்துக்கொள்வோம். அவருடைய மேன்முறையீட்டில் தாயாரின் நோயும் பிள்ளையின் படிப்பும் பக்கம் பக்கமாக எழுதப்பட்டிருக்கும். அந்தத் துயரம் உண்மையானது. அதிகாரிகள் அதைக் கருத்தில் எடுக்கவும் வேண்டும். ஆனால் நாட்டின் எப்பாகத்திலும் சேவையாற்ற வேண்டும் என்ற நிபந்தனையை ஏற்று நியமனம் பெற்றவரின் வழக்கில் நீதிமன்றம் தேடுவது வேறொன்று: இடமாற்றக் கொள்கை மீறப்பட்டதா, அதே பாடத்தைக் கற்பித்து அதே பாடசாலையில் அவரைவிட நீண்டகாலம் இருப்பவர் ஏன் விடப்பட்டார், அதிபருடன் ஏற்பட்ட பிணக்குக்குப் பின்னர்தான் இக்கடிதம் வந்ததா. ஒழுக்காற்று விசாரணை நடத்தாமல் தண்டிப்பதற்குச் சேவைத் தேவை என்ற பெயர் பூசப்பட்டிருந்தால், திகதி வரிசையில் அடுக்கிய கடிதங்களே அதைக் காட்டும். இடமாற்றப் பட்டியலையும் சபையின் கூட்டக் குறிப்புகளையும் 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கோரலாம். தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் முடிவைத் தெரிவிக்க வேண்டியிருப்பதால், கடிதம் கிடைத்த அன்றே விண்ணப்பிப்பது நல்லது.

தமது இடத்துக்கு நியமிக்கப்பட்டவரை எதிர்மனுதாரராகச் சேர்க்காமல் விடுவதும் மனுவைக் கவிழ்க்கும். அவரும் ஊரில் தெரிந்தவர்தானே, ஏன் சங்கடம் என்று இதைத் தவிர்ப்பவர்கள் உண்டு. ஆனால் தீர்ப்பினால் பாதிக்கப்படக் கூடியவரைக் கேளாமல் நீதிமன்றம் கட்டளை பிறப்பிக்காது. முன்பு தாமே கேட்டுப் பெற்ற சலுகையை மறைப்பதும் அப்படித்தான். முக்கியமான உண்மையை ஒளித்தார் என்று தெரிந்தால், வழக்கின் நியாயத்தைப் பார்க்காமலே எழுத்தாணை மனு நிராகரிக்கப்படலாம்.