சண்டையில் நின்றவரிடம் கதை கேட்டுப் பதிவது எப்படி

இலங்கைப் போரில் புலிகள் இயக்கத்தில் இருந்த முன்னாள் போராளிகளின் சண்டை அனுபவங்களைப் பதிய வேண்டும் என்று இப்போது பல பிள்ளைகள் கேட்டு வருகிறார்கள். சிலருக்குப் பல்கலைக்கழக ஆய்வு, சிலருக்குத் தன் மாமாவோ சித்தியோ எந்த லைனில் (முன்னரங்கில்) நின்றார் என்று அறியும் ஆசை. கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பக்கம் நான் நெடுங்காலமாக இந்த வேலையைச் செய்கிறேன். சிங்கள நண்பர் ஒருவரின் துணையோடு அநுராதபுரப் பக்கத்துக் கிராமங்களில் முன்னாள் ஆமிக்காரர்களிடமும் இருந்து கதைத்திருக்கிறேன். அந்த அனுபவத்தில் சொல்கிறேன்.

முதலில் ஒன்று. போரைப் பற்றிக் கேட்காதீர்கள். 'ஜெயசிக்குறு எப்படி இருந்தது?' என்று கேட்டால், அவர் எங்கேயோ வாசித்த கட்டுரையைத்தான் உங்களுக்குத் திருப்பிச் சொல்வார். 1997 மே மாதம் தொடங்கி அடுத்த ஆண்டு இறுதிவரை நடந்த ஆமியின் அந்தப் படையெடுப்பை ஒரு பதுங்குகுழியிலிருந்து யாரும் முழுதாகப் பார்க்கவில்லை. லைனில் நின்றவருக்குச் சண்டை என்பது அவரைச் சுற்றிய இருபது முப்பது யார் (கெஜம்) நிலம். பக்கத்தில் யார், தண்ணீர்க் கலன் எங்கே, எந்தப் பக்கமாக ஊர்ந்து பின்னுக்கு வரலாம் என்பவைதான் அவருக்குத் தெரியும். அந்த முப்பது யார் நிலத்தை அவரைத் தவிர வேறு யாராலும் சொல்ல முடியாது. உங்கள் வேலை அதைக் கேட்பது.

போவதற்கு முன்

அவர் நின்ற களத்தின் ஆண்டும் இடங்களும் உங்களுக்கு மனப்பாடமாக இருக்க வேண்டும். 1991 ஆடியில் ஆனையிறவில் நடந்ததும் 2000 சித்திரையில் ஆனையிறவில் நடந்ததும் இருவேறு சண்டைகள். முதலாவதில் ஆமியின் தளம் விழவில்லை. இரண்டாவதில் குடாரப்புக் கரையில் தரையிறங்கிய இயக்கத்தவர்கள் கண்டி வீதியை மறித்தார்கள். பிறகு இயக்கச்சியின் நன்னீர்க் கிணறுகள் கைமாறின, தளத்துக்குத் தண்ணீர் இல்லாமல் போனது, சித்திரை 22இல் தளம் விழுந்தது. இது தெரியாமல் போய் 'ஆனையிறவுச் சண்டையில் நின்றீங்களோ?' என்று கேட்டால், எதிரில் இருப்பவர் உங்களைப் பார்க்கும் பார்வையிலேயே அன்றைய கதை முடிந்துவிடும். வரைபடம் ஒன்றை அச்சடித்து எடுத்துப் போங்கள். ஆனால் அவர் கேட்கும்வரை விரிக்க வேண்டாம்.

முதல் நாள் ஒலிப்பதிவுக் கருவியை வெளியே எடுக்காதீர்கள். யார் அனுப்பினார்கள், எதற்காகக் கேட்கிறீர்கள், பதிந்தது எங்கே போகும் என்பதை மட்டும் சொல்லிவிட்டு, தேத்தண்ணி குடித்துவிட்டு வாருங்கள். 2009இல் போர் முடிந்த பிறகு ஏறக்குறைய 12,000 பேர் அரசின் புனர்வாழ்வு முகாம்களுக்குள்ளால் போய் வந்தவர்கள். அவர்களிடம் ஏற்கனவே பலர் கேள்வி கேட்டிருக்கிறார்கள், மேசைக்கு அந்தப் பக்கம் இருந்து. உங்கள் கேள்விகள் அந்த ஒழுங்கில் வந்தால், பெயர், படையணி, பொறுப்பாளர், ஆயுதம் என்று போனால், அவர் உடம்பு தானாக இறுகிவிடும். நான் எழுதிவைத்த கேள்வித்தாளோடு ஒருபோதும் போவதில்லை.

மே மாதத்திலும் நவம்பர் கடைசி வாரத்திலும் போகாதீர்கள். நினைவு நாட்களில் அவர்களுக்குத் துயரமும் கூட, வீட்டைக் கவனிக்கும் கண்களும் கூட. வீட்டில் வேறு யார் இருக்கிறார்கள் என்பதையும் பாருங்கள். பிள்ளைகளுக்குத் தகப்பன் இயக்கத்தில் இருந்தது தெரியாத வீடுகள் இருக்கின்றன. மனைவிக்குக் கால் போன கதை தெரியும், கூட நின்றவன் போன கதை தெரியாது. எங்கே இருந்து கதைப்பது என்பதை அவரே சொல்லட்டும். கதிரையைப் போடும்போது அவர் முதுகு வாசலுக்கு இருக்காமல் பார்த்துக்கொள்ளுங்கள். பலருக்கு இது இன்னும் பெரிய விசயம்.

எதைக் கேட்பது

சாப்பாட்டில் தொடங்குங்கள். லைனுக்குச் சாப்பாடு எப்படி வந்தது, யார் கொண்டுவந்தது, வராத நாளில் என்ன செய்தீர்கள்? அப்புறம் தண்ணீர். அப்புறம் கால். மாரியில் பதுங்குகுழிக்குள் முழங்கால் தண்ணீரில் நின்ற கால் எப்படி இருந்தது? அப்புறம் நித்திரை, சென்றி (காவல்) எத்தனை மணித்தியாலம், கண் சொருகினால் என்ன செய்வீர்கள், யார் தட்டி எழுப்புவது? எந்தப் பக்கத்தில் நின்றவரும் இந்தக் கேள்விகளுக்குப் பதில் சொல்வார். இவற்றில் யாருடைய அரசியலும் இல்லை, யாரையும் காட்டிக்கொடுக்கும் பயமும் இல்லை. உடம்பு ஞாபகம் வைத்திருப்பதை வாய் சொல்லத் தொடங்கினால் மற்றதெல்லாம் தானாக வரும்.

பெண் போராளிகளிடம் பெண்கள் கேட்பது நல்லது. முன்னரங்கில் மாதவிடாயை எப்படிச் சமாளித்தீர்கள், மறைவிடம் எங்கே இருந்தது, தலைமுடியை எப்படிக் கட்டினீர்கள் என்ற கேள்விகளை யாரும் அவர்களிடம் கேட்பதில்லை. மாலதி, சோதியா என்ற பெண்கள் படையணிகளைப் பற்றி வீரம் சொல்லும் எழுத்து எவ்வளவோ உண்டு. மண் அணைக்குப் பின்னால் துணி காயப்போட இடம் தேடியதைச் சொல்லும் எழுத்தை நான் அதிகம் கண்டதில்லை. அது பதியப்படாமல் போனால் அவர்கள் வாழ்ந்த போரில் பாதி காணாமல் போகும்.

சத்தத்தைக் கேளுங்கள். லைனில் இருந்தவர்களுக்குக் காதுதான் கண். எங்கள் பக்கம் இருந்து போகிற ஷெல், வருகிற ஷெல், தலைக்கு மேலால் தாண்டிப் போகிற ஷெல் என்று மூன்றையும் பிரித்துச் சொல்வார்கள். குத்துகிற சத்தம், அதாவது ஷெல்லை ஏவும் சத்தம், கேட்டதும் எண்ணத் தொடங்கி, எந்த எண்ணில் படுக்க வேண்டும் என்று தெரிந்து வைத்திருப்பார்கள். சிலர் வாயாலேயே அந்தச் சத்தத்தைச் செய்து காட்டுவார்கள். அதைப் பதிவில் வெட்டாதீர்கள்.

வெள்ளைத் தாளும் பென்சிலும் கொண்டு போங்கள். 'நீங்கள் நின்ற பொயின்ற்றை (காவல் நிலையை) ஒருக்கா கீறிக் காட்டுங்கோ அண்ணை' என்றால் போதும். மண் அணை, காவலரண், தொடர்பு அகழி, தலை இல்லாத பனை, முன்னால் வெட்டை (வெட்டவெளி), அதற்கு அப்பால் அவர்களுடைய லைன் என்று கீறிக்கொண்டே போவார். கீறும்போது கண் தாளில் இருக்கும், உங்கள் முகத்தைப் பார்க்கத் தேவையில்லை, அதனால் சொல்ல முடியாதது சில அப்போது வரும். யாழ்ப்பாணக் குடாநாட்டின் முகமாலை, நாகர்கோவில், கிளாலிப் பக்கம் நின்றவர்கள் கீறித் தந்த தாள்களைப் பக்கம் பக்கமாக வைத்தால் எந்தப் புத்தகத்திலும் இல்லாத ஒரு வரைபடம் கிடைக்கும். தாளின் மூலையில் திகதியும் அவருக்கு நீங்கள் வைத்த குறியீட்டு எண்ணும் எழுதுங்கள். அவர் பெயரை எழுத வேண்டாம்.

இடத்துக்கே கூட்டிப் போய்க் காட்டச் சொல்லும் ஆசை வரும். வேண்டாம். அந்த லைன்கள் இருந்த நிலங்கள் முழுக்க மிதிவெடி விதைத்த நிலங்கள். கண்ணிவெடி அகற்றி ஒப்படைத்த காணியா என்று தெரியாமல் கால் வைக்கக் கூடாது. வெடிக்கும் பயம் இல்லாத இடமாக இருந்தாலும், அவர் கேட்காமல் நீங்கள் கூட்டிப் போகக் கூடாது.

எதைக் கேட்கக் கூடாது

'எத்தனை பேரைச் சுட்டீங்கள்?' என்று கேட்கவே கூடாது. உயிரோடு இருக்கிற யாருடைய பெயரையும் கேட்க வேண்டாம், அவராகச் சொன்னாலும் எழுத்திலிருந்து நீக்கிவிடுங்கள். 'எப்ப இயக்கத்தில் சேர்ந்தீங்கள்?' என்பதைவிட 'எப்ப போனீங்கள்?' என்பது நல்லது. தானாகப் போனவரும் உண்டு, 2006க்குப் பிறகு வீட்டுக்கு ஒருவர் என்று பிடித்துக்கொண்டு போகப்பட்டவரும் உண்டு. கொஞ்ச நாள் பயிற்சியோடு முன்னரங்குக்கு அனுப்பப்பட்ட பிள்ளைகள் அதில் எத்தனையோ பேர். அவர்களுடைய சண்டை வேறு. பயமும் கோபமும் யார் மேல் என்பதும் வேறு. சின்ன வயதில் போனவர்களிடம் வயதைக் கேட்டால் சொல்வார்கள், சொல்லும் தொனியைக் கவனியுங்கள். இதை மறைத்து எழுதுகிறவர்கள் அந்தப் பிள்ளைகளுக்கு இரண்டாம் முறை அநியாயம் செய்கிறார்கள் என்றே நான் நினைக்கிறேன்.

கதை சொல்லிக்கொண்டு வந்தவர் திடீரென்று நிறுத்தினால் நீங்களும் சும்மா இருங்கள். அடுத்த கேள்வியைப் போட்டு அந்த இடத்தை நிரப்பாதீர்கள். அழுதால், பதிவை நிறுத்தவா என்று ஒருமுறை கேளுங்கள், அவர் சொல்கிறபடி செய்யுங்கள். ஒரு அமர்வு ஒன்றரை மணித்தியாலத்துக்கு மேல் போகாமல் பார்ப்பேன். அதில் கடைசிக் கால் மணித்தியாலத்துக்குச் சண்டையே கிடையாது. வயல், பிள்ளையின் பரீட்சை, வீட்டுத்திட்டம், ஏதோ ஒன்று. மனிதரை 1998இலோ 2009இலோ விட்டுவிட்டு எழும்பி வரக்கூடாது. அடுத்த நாள் ரெலிபோன் எடுத்து நித்திரை கொண்டாரா என்று விசாரியுங்கள்.

ஆண்டு பிசகும்போது

நினைவில் ஆண்டு பிசகும். அது பொய் இல்லை. நேரே மறுக்காமல், உதவி செய்கிற மாதிரி கேளுங்கள். மேலே வந்த விமானம் எது என்பது நல்ல துப்பு. சியாமாசெட்டியும் அவ்ரோவும் எண்பதுகளிலேயே குண்டு போட்டன. கிபிர் வந்தது 1996இல். மிக் வந்தது 2000இல், மல்டி பரல் என்ற பல்குழல் ரொக்கெட் ஏவியும் அந்த ஆண்டுதான். ஆகவே 1991 ஆனையிறவில் கிபிர் அடித்தது என்று ஒருவர் சொன்னால் இரண்டு சண்டைகள் ஒன்றாகக் கலந்திருக்கின்றன. அதேபோல, இயக்கத்தின் ஆட்லறி பின்னுக்கு இருந்து அடித்துத் தந்தது என்றால், அது 1996இல் முல்லைத்தீவு ஆமித் தளத்தில் 122 மில்லிமீற்றர் பீரங்கிகள் இரண்டைக் கைப்பற்றியதற்குப் பிந்திய கதை. நிலவு இருந்ததா, மழையா, எந்தக் கோயில் திருவிழாவை ஒட்டி என்றும் கேட்கலாம். பழைய பத்திரிகைகளை நூலகம் எண்ணிம நூலகத்தில் தேடிப் பார்க்கலாம். திருத்தத்தை அவர் வாக்குமூலத்துக்குள் செய்யாதீர்கள். அவர் சொன்னது சொன்னபடி இருக்கட்டும், அடிக்குறிப்பில் உங்கள் கணக்கை எழுதுங்கள்.

மற்றப் பக்கத்தில் நின்றவர்கள்

ஆமிக்காரரிடமும் கேளுங்கள் என்று நான் சொல்லும்போது சிலருக்குக் கோபம் வருகிறது. அந்தக் கோபம் எங்கிருந்து வருகிறது என்று எனக்குத் தெரியும். ஆனாலும் சொல்கிறேன். ஒரே வெட்டையின் இரண்டு கரையிலும் இருந்தவர்களைக் கேட்டால்தான் அந்த வெட்டையில் என்ன நடந்தது என்று தெரியும். பொலநறுவையில், மொனராகலையில், வேறு வேலை கிடைக்காமல் பதினெட்டு பத்தொன்பது வயதில் படைக்குப் போன பிள்ளைகள் அவர்கள். அவர்களும் சப்பாத்துக்குள் ஊறிய காலைப் பற்றித்தான் முதலில் சொல்கிறார்கள். முல்லைத்தீவுத் தளம் விழுந்த பிறகு உடல் வராத மகனுக்காகக் காத்திருந்த தாய்மார் அங்கேயும் இருக்கிறார்கள்.

இங்கே மொழிபெயர்ப்பாளர்தான் முக்கியம். படையோடு தொடர்பு உள்ளவரைக் கூட்டிப் போகாதீர்கள். படையை விட்டு ஓடி வந்தவர் என்றால் பயம் இரட்டிப்பு. பொதுமன்னிப்பு பலமுறை அறிவிக்கப்பட்டாலும் பலர் இன்னும் அதைப் பற்றி வாய் திறப்பதில்லை. அப்படியானவரிடம் திகதியும் முகாமின் பெயரும் கேட்கவே வேண்டாம்.

பதிந்த பிறகு

1979இல் வந்த பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் முகநூல் பதிவுக்காகக்கூட ஆட்கள் கைதாகியிருக்கிறார்கள். ஆகவே உங்கள் கவனக்குறைவுக்கு விலை கொடுப்பது நீங்கள் இல்லை, கதை சொன்னவர். ஒலிப்பதிவை வாட்ஸ்அப்பில் யாருக்கும் அனுப்பாதீர்கள். கைத்தொலைபேசியில் வைத்திருக்காதீர்கள். கடவுச்சொல் போட்ட இரண்டு வன்தட்டுகளில் வைத்து, இரண்டையும் வெவ்வேறு இடத்தில் வையுங்கள். குறியீட்டு எண்ணையும் பெயரையும் சேர்த்த பட்டியல் மூன்றாவது இடத்தில் இருக்கட்டும்.

பெயரை மாற்றினால் போதும் என்று நினைப்பவர்கள் பலர். போதாது. படையணி, காயப்பட்ட களம், இழந்த உறுப்பு, இப்போதைய தொழில், ஊர் ஆகிய ஐந்தில் மூன்று தெரிந்தால் ஊரில் எவருக்கும் ஆளைத் தெரிந்துவிடும். களத்தை வைத்துக்கொண்டு ஊரை நீக்குங்கள், அல்லது காயத்தை வைத்துக்கொண்டு படையணியை நீக்குங்கள். எதை நீக்குவது என்பதை அவரோடு இருந்து முடிவு செய்யுங்கள்.

எழுதி எடுக்கும்போது அவர் பேச்சைத் திருத்தாதீர்கள். 'செத்துப்போனான்' என்று அவர் சொன்னதை 'வீரச்சாவடைந்தான்' என்று மாற்றக் கூடாது, அவர் 'வீரச்சாவு' என்று சொன்னதை 'இறந்தார்' என்றும் ஆக்கக் கூடாது. மட்டக்களப்பிலிருந்து வந்து வன்னியில் சண்டை பிடித்த ஜெயந்தன் படையணிக்காரரின் பேச்சு யாழ்ப்பாணத்துப் பேச்சாக மாறிவிடக் கூடாது. மௌனத்துக்கு வினாடிக் கணக்குப் போட்டு அடைப்புக்குறிக்குள் குறியுங்கள்.

எழுதி முடித்ததும் அச்சடித்துக் கொண்டுபோய் அவருக்கு முன்னால் முழுவதையும் வாசித்துக் காட்டுங்கள். கண் பார்வை குறைந்தவர்களும் அதிகம் வாசிக்காதவர்களும் இருக்கிறார்கள், அதனால் பிரதியைக் கையில் கொடுத்துவிட்டு வருவது போதாது. அவர் வெட்டச் சொன்னதை அந்த இடத்திலேயே வெட்டுங்கள், ஒலிப்பதிவிலும் வெட்டுங்கள், ஏன் என்று கேட்காதீர்கள். எத்தனை வருடம் கழித்து 'எல்லாத்தையும் அழிச்சுவிடு தங்கச்சி' என்றாலும் அழிக்க வேண்டும், அதை முதல் நாளே அவருக்குச் சொல்லியிருக்க வேண்டும். வைத்திருக்கச் சம்மதித்தால், ஒரு பிரதி அவருடைய பிள்ளைகளுக்கா, யாருக்கு, எப்போது கொடுப்பது என்பதையும் அன்றைக்கே கேட்டு எழுதி வையுங்கள்.