ஜப்பானியத் தொடர் பார்க்கப் போகிறீர்களா? இதையெல்லாம் செய்யாதீர்கள்

கொரியத் தொடர்களை விடிய விடியப் பார்த்து முடித்தவர்கள் அடுத்து ஜப்பான் பக்கம் வருவதுண்டு. இரண்டு எபிசோட் பார்த்துவிட்டு, "என்னப்பா, கதை நகரவே இல்லையே" என்று மூடிவிடுவார்கள். கொரியத் தொடரை அளக்கும் கோலாலேயே இதையும் அளப்பதுதான் பெரிய தவறு. மற்றவை பெரும்பாலும் அதிலிருந்து பிறப்பவை.

2010-இல் வந்த 'மதர்' தொடரைப் பாருங்கள். வீட்டில் வதைபடும் மாணவியை ஆசிரியை ஒருத்தி யாருக்கும் தெரியாமல் அழைத்துக்கொண்டு ஓடிவிடுகிறாள். தாயும் மகளுமாக வாழத் தொடங்குகிறார்கள். யூஜி சகாமோட்டோ எழுதிய இந்தக் கதை ஜப்பானில் 11 எபிசோடில் முடிந்தது. 2018-இல் கொரியாவில் எடுத்தபோது 16. அதற்கு முன்பே, 2016-இல், துருக்கியில் 'அன்னே' என்ற பெயரில் தொடங்கி 33 எபிசோட் ஓடியது. துருக்கியில் ஒரு எபிசோடே சினிமா நீளம் இருக்கும்! கரு ஒன்றுதான், கொடுக்கப்பட்ட இடம்தான் வேறு. ஜப்பானில் தொலைக்காட்சி ஆண்டு ஜனவரி, ஏப்ரல், ஜூலை, அக்டோபர் என்று நான்காகப் பிரிகிறது. மூன்று மாதம், வாரம் ஒன்று, சுமார் பத்து எபிசோட், அவ்வளவுதான். அதனால் பாத்திரங்கள் வாய்விட்டுச் சொல்லாமல் விடுவது நிறைய. அந்த மௌனத்தை 1.5 வேகத்தில் ஓட்டினால் கதையின் பாதியை இழந்துவிடுவீர்கள். எல்லாவற்றுக்கும் அடுத்த சீசன் வரும் என்று காத்திருக்கவும் வேண்டாம்.

காதலை மட்டும் தேடுவது இன்னொரு தவறு. வங்கி ஊழியர் ஒருவர் மேலதிகாரிகளை எதிர்த்து நிற்கும் 'ஹன்சாவா நவோகி'யின் 2013 இறுதி எபிசோடை டோக்கியோ வட்டாரத்தில் 42.2 சதவீத வீடுகள் பார்த்தன. 2012-இல் தொடங்கிய 'கொதொக்கு நோ குருமே'யில் ஒரு வியாபாரி தனியாகப் போய்ச் சாப்பிடுவார். அதுதான் கதையே. (பசியோடு உட்காராதீர்கள்.)

மங்கா எனப்படும் ஜப்பானியப் படக்கதையிலிருந்து எடுத்த நகைச்சுவைத் தொடர் ஒன்றைப் பார்த்துவிட்டு, ஜப்பானியர் நடிப்பே மிகை என்று சொல்பவர்களும் உண்டு. அந்தப் பாணி வேண்டுமென்றே செய்வது. பிடிக்காவிட்டால் வேறொன்றுக்குப் போகலாம்.

அப்புறம், வெளிநாட்டு ரசிகர்கள் நெட்ஃபிளிக்ஸ் வந்தபின் கிடைத்தவர்கள் என்று எண்ண வேண்டாம். ஏழு வயதில் அரிசிக்காக வேலைக்கு அனுப்பப்படும் ஏழைச் சிறுமியின் கதையான 'ஓஷின்' 1983-இல் தொடங்கியது. ஈரான் உட்பட 60-க்கும் மேற்பட்ட நாடுகளில் ஓடியது. அதுவோ 15 நிமிடக் காலைத் தொடர், மொத்தம் 297 எபிசோட்.