எஃப்.எம். சிந்தசிஸில் கோயில் மணி செய்வது எப்படி?

காரைக்குடிப் பக்கம் பக்திப் பாட்டு ரெக்கார்டிங் என்றால் மணிச்சத்தம் இல்லாமல் முடியாது. பிள்ளையார்பட்டிக்குப் பாட்டானாலும் குன்றக்குடிக்குப் பாட்டானாலும் எங்கிருந்தோ இறக்கிய சாம்பிளை, அதாவது பதிவுசெய்த ஒலித்துண்டைத்தான் ஒட்டுகிறார்கள். அது பாட்டின் சுருதியோடு சேராது. இழுத்துச் சேர்த்தால் மணியின் கனம் போய்விடும். டெக்ஸெட் என்ற இலவச மென்பொருள் இருந்தால் மணியைச் சுருதிக்கு ஏற்ப நாமே செய்துகொள்ளலாம். யமஹா 1983-ல் வெளியிட்ட டிஎக்ஸ் 7 கீபோர்டின் கணினி வடிவம் அது.

எஃப்.எம். என்றால் ஃப்ரீக்வென்சி மாடுலேஷன். இதில் ஒரு சைன் அலை, அதாவது கலப்பில்லாத ஒற்றை ஒலி, இன்னொன்றின் அதிர்வெண்ணை ஆட்டுகிறது. ஆட்டுவது மாடுலேட்டர், ஆட்டப்படுவது கேரியர். நொடிக்கு ஐந்தாறு முறை ஆட்டினால் காதுக்கு அது கமகம். நூற்றுக்கணக்கில் ஆட்டினால் அசைவு தனியாகத் தெரியாது, ஒலியின் நிறமே மாறிவிடும். ஸ்டான்ஃபோர்டில் ஜான் சௌனிங் 1967-ல் கண்டுபிடித்தது இதைத்தான். (டிஎக்ஸ் 7 உண்மையில் ஆட்டுவது அலையின் கட்டத்தை (ஃபேஸ்). நம் வேலைக்கு இரண்டும் ஒன்றே.)

நிறத்தைத் தீர்மானிப்பது இரண்டுக்குமான விகிதம். கேரியர் 200 ஹெர்ட்ஸ், மாடுலேட்டரும் 200 என்றால் புதிதாகப் பிறக்கும் அதிர்வெண்கள், அதாவது பக்க அலைகள், 400, 600, 800 என்று ஒழுங்காக அடுக்கும். பித்தளை வாத்தியச் சாயல் வரும். மாடுலேட்டரை 400 ஆக்கினால் 200, 600, 1000 என்று ஒற்றைப்படை மடங்குகள் மட்டும் நிற்கும். கிளாரினெட் போன்ற உள்ளீடற்ற நாதம். 280 வைத்துப் பாருங்கள். மேலே 480, 760, 1040. கீழே 200-லிருந்து 280-ஐக் கழித்தால் மைனஸ் 80; அது மடங்கி 80 ஆகவே ஒலிக்கும். அடுத்தவை 360, 640. எதுவும் 200-இன் மடங்கு இல்லை. உலோகச் சத்தம் அங்கேதான் பிறக்கிறது.

இனி டெக்ஸெட். இனிட் அழுத்தி வெற்றுக் குரலுக்கு வந்து, அல்காரிதம் 5 தேர்ந்தெடுங்கள். ஆபரேட்டர் என்பது ஒரு சைன் அலை; எது எதை ஆட்டுகிறது என்ற அமைப்புதான் அல்காரிதம். இதில் மூன்று ஜோடிகள் உண்டு. நமக்கு இரண்டு போதும். ஆபரேட்டர் 1 கேரியர்: விகிதம் 1.00, லெவல் 99. ஆபரேட்டர் 2 மாடுலேட்டர்: கோர்ஸ் (முழு எண்) 1, ஃபைன் (நுண் திருத்தம்) 40 வைத்தால் விகிதம் 1.40 வரும், லெவல் 86.

லெவல் எண்தான் பலரையும் ஏமாற்றும். 8 எண் ஏற்றினால் ஆட்டத்தின் ஆழம் கிட்டத்தட்ட இரட்டிப்பாகும். 50-க்குக் கீழே ஒன்றும் நடக்காதது போல இருக்கும். 90-ஐத் தாண்டினால் திடீரென்று தகரச் சத்தம். ஆகவே இரண்டிரண்டு எண்ணாக நகர்த்துங்கள்.

மணிக்கு உயிர் மாடுலேட்டரின் என்வலப், அதாவது ஒலி எழுந்து அடங்கும் விதம். அதில் நான்கு ரேட்டுகள் வேகத்தையும் நான்கு லெவல்கள் போய்ச் சேரும் அளவையும் சொல்லும். அடித்த கணத்தில் எல்லாப் பக்க அலைகளும் கணகணக்க வேண்டும், பிறகு அவை அடங்கி ரீங்காரம் மட்டும் மிஞ்ச வேண்டும். ஆபரேட்டர் 1-க்கு ரேட் 99, 40, 25, 25. லெவல் 99, 85, 0, 0. ஆபரேட்டர் 2-க்கு ரேட் 99, 40, 30, 25. லெவல் 99, 82, 0, 0. ரேட் குறைந்தால் நிதானமாக அடங்கும். மூன்றாம் லெவல் 0 ஆகாவிட்டால் மணி ஆர்கன் போல நின்றுவிடும். நான்காம் ரேட்டை 99-லேயே விட்டால் விரலை எடுத்ததும் வெட்டுப்படும்.

இரண்டாம் ஜோடி, நாக்கு மோதும் சத்தத்துக்கு. ஆபரேட்டர் 3 விகிதம் 1.00, லெவல் 90, என்வலப் ஆபரேட்டர் 1-இன் நகல். ஆபரேட்டர் 4 கோர்ஸ் 3, ஃபைன் 17, லெவல் 72. இதன் இரண்டாம் ரேட்டை 60-க்கு மேல் வைத்து, இரண்டாம், மூன்றாம் லெவல்களை 0 ஆக்கிவிடுங்கள். ஆபரேட்டர் 1-இன் டிட்யூனை (சுருதியைச் சற்றே விலக்கும் அமைப்பு) -2, ஆபரேட்டர் 3-ஐ +2 வைத்தால் ரீங்காரம் மெல்ல அலையடிக்கும். வார்ப்பு மணி எதுவும் முழுக்கச் சமச்சீராக இருப்பதில்லை. நிஜ மணியிலும் அந்த அலை வருவது அதனால்தான்.

வெலாசிட்டி உணர்வை (விசையை அடிக்கும் வேகத்துக்கு ஏற்ப ஒலி மாறும் அளவு) மாடுலேட்டர்களுக்கு 5, கேரியர்களுக்கு 2 கொடுங்கள். ஓங்கி அடித்தால் சத்தம் மட்டும் கூடினால் போதாது, பளபளப்பும் கூட வேண்டும்.

மேல் ஸ்தாயியில் கீச்சென்று சம்பந்தமில்லாத ஒலி வந்தால் அது அலியாசிங்: கணினி ஒலியை நொடிக்கு எத்தனை முறை அளக்கிறதோ அந்தச் சாம்பிள் வேகத்தில் பாதியைத் தாண்டிய பக்க அலைகள் கீழே மடங்கி வருகின்றன. கீபோர்டில் இடத்துக்கு ஏற்ப லெவலை மாற்றும் கீபோர்டு லெவல் ஸ்கேலிங்கில் வலப்பக்கம் மாடுலேட்டரைக் குறைத்தால் தீரும்.

ஒரு எச்சரிக்கை. ஆத்தங்குடிக் கல் பதித்த தரையும் மெருகேற்றிய சுண்ணாம்புச் சுவரும் உள்ள வீட்டுப் பட்டாலையில் (கூடத்தில்) ஸ்பீக்கர் வைத்து மணியின் நீளத்தை முடிவு செய்யாதீர்கள். அந்த அறையே கூட ஒலிப்பதால் கை தானாக என்வலப்பைச் சுருக்கிவிடும். வெளியே கேட்டால் மணி மொட்டையாக இருக்கும். ஹெட்ஃபோனில், ரிவெர்ப் (செயற்கை எதிரொலி) போடாமல் கேட்டு முடிவு செய்யுங்கள்.