லட்சத்துக்கு எவ்வளவு? வீட்டுக் கடனின் முழுச் செலவைக் கணக்கிடும் முறை

வீட்டுக் கடன் வாங்கப் போகிறவர் முதலில் கேட்பது "மாசம் எவ்வளவு கட்டணும்?" என்பதைத்தான். கடன் கொடுப்பவருக்கும் அந்தக் கேள்விதான் வசதி. தவணை பெரிதாகத் தெரிந்தால் ஆண்டுகளைக் கூட்டிக் குறைத்துக் காட்டிவிடலாம். குறைந்தது தவணைதான், கடன் கூடிப்போயிருக்கும்.

கீழே உள்ள எல்லாக் கணக்கும் 1 லட்சம் கடன், ஆண்டு வட்டி 9 சதவீதம், 20 ஆண்டு என்ற அடிப்படையில் இருக்கிறது. உங்கள் கடன் 35 லட்சம் என்றால் எல்லாத் தொகையையும் 35ஆல் பெருக்கிக்கொள்ளுங்கள். எந்த நாட்டுப் பணமானாலும் விகிதம் இதேதான்.

முதலில் அட்டவணை

ஆண்டு வட்டியை 12ஆல் வகுத்தால் மாத வட்டி: 9 ÷ 12 = 0.75 சதவீதம், அதாவது 0.0075. தவணைக்கான சூத்திரம் இது (^ என்பது அடுக்குக் குறி):

தவணை = கடன் × மாத வட்டி ÷ (1 − 1 ÷ (1 + மாத வட்டி)^மாதங்கள்)

1 லட்சத்துக்கு 240 மாதம் என்றால் 899.73 வரும். எக்செல் போன்ற விரிதாளில் பிஎம்டி (PMT) ஃபங்ஷன் இதையே செய்யும். ஆனால் தவணையை மட்டும் கண்டுபிடித்து நிறுத்திவிட்டால் பயனில்லை. மாதவாரி அட்டவணை வேண்டும். ஆறு பத்திகள் (மேலிருந்து கீழாகப் போகும் நெடுவரிசைகள்) போதும்: மாத எண், தொடக்க மீதி, அந்த மாத வட்டி விகிதம், வட்டித் தொகை, அசலுக்குப் போனது, கூடுதலாகக் கட்டியது. தொடக்க மீதியை மாத வட்டியால் பெருக்கினால் வட்டித் தொகை. தவணையில் அதைக் கழித்தால் அசல். தொடக்க மீதியிலிருந்து அசலையும் கூடுதல் தொகையையும் கழித்தால் அடுத்த மாதத்தின் தொடக்க மீதி. முதல் வரியை எழுதிவிட்டுக் கீழே இழுத்துவிடுங்கள்.

வட்டி விகிதத்துக்குத் தனிப் பத்தி எதற்கு என்று தோன்றலாம். விகிதம் நடுவில் மாறும்போது அந்த மாதத்திலிருந்து மட்டும் மாற்றிப் பார்க்க அதுதான் உதவும். 240ஆவது வரியின் முடிவில் மீதி பூஜ்யத்தை ஒட்டி வர வேண்டும். வரவில்லை என்றால் பெரும்பாலும் இரண்டில் ஒன்று: 12ஆல் வகுக்க மறந்திருப்பீர்கள், அல்லது 9 சதவீதம் என்பதற்குப் பதில் வெறும் 9 என்று தட்டியிருப்பீர்கள்.

தவணை எங்கே போகிறது

முதல் மாதத் தவணை 899.73இல் 750 வட்டி. அசலில் கழிவது 149.73 மட்டும். முதல் ஆண்டு முழுவதும் கட்டும் 10,797இல் அசல் குறைவது 1,873. ஐந்து ஆண்டு முடியும்போது 53,984 கட்டியிருப்பீர்கள், மீதி அசல் 88,707 இருக்கும். பத்தாம் ஆண்டு முடிவில், அதாவது காலத்தில் சரிபாதி கடந்த பிறகும், மீதி 71,026. வட்டியைவிட அசலுக்கு அதிகம் போகத் தொடங்குவது 149ஆவது தவணையில்தான். கடன் பாதியாகக் குறைய 14 ஆண்டு ஆகிறது.

இதில் சூழ்ச்சி எதுவும் இல்லை. வட்டி மீதியின் மேல் விழுகிறது, மீதி தொடக்கத்தில் பெரிதாக இருக்கிறது, அவ்வளவுதான். ஆனால் ஐந்தாறு ஆண்டில் வீட்டை விற்றுவிடலாம் என்று நினைப்பவர் இந்த எண்களை முன்னாலேயே பார்த்தாக வேண்டும். "இத்தனை கட்டிட்டோமே, பாதிக் கடன் முடிஞ்சிருக்கும்" என்ற நினைப்பு விற்கும் நாளில்தான் உடைகிறது.

ஆண்டுகளின் விலை

அதே 1 லட்சம், அதே 9 சதவீதம்:

10 ஆண்டு: தவணை 1,266.76, மொத்த வட்டி 52,011
15 ஆண்டு: தவணை 1,014.27, மொத்த வட்டி 82,568
20 ஆண்டு: தவணை 899.73, மொத்த வட்டி 1,15,934
25 ஆண்டு: தவணை 839.20, மொத்த வட்டி 1,51,759
30 ஆண்டு: தவணை 804.62, மொத்த வட்டி 1,89,664

20ஐ 30 ஆக்கினால் மாதம் 95 மிச்சம். அதற்கு 73,730 கூடுதல் வட்டி. 20ஐ 15 ஆக்கினால் மாதம் 115 கூடும். வட்டியில் 33,366 குறையும். எத்தனை ஆண்டு நீட்டினாலும் தவணை 750க்குக் கீழே இறங்காது, ஏனென்றால் முதல் மாத வட்டியே அவ்வளவு. அதனால் 20 ஆண்டைத் தாண்டி நீட்டுவதில் கிடைக்கும் தவணைக் குறைப்பு சொற்பம். வருமானம் இடம் கொடுக்கவில்லை என்றால் நீட்டத்தான் வேண்டியிருக்கும். அப்போதும் கூடுதல் தொகை கட்ட அபராதம் இல்லாத கடனாகப் பார்த்து எடுத்தால், பிறகு சுருக்கிக்கொள்ள வழி இருக்கும்.

வட்டி ஏறும்போது சத்தமில்லாமல் நடப்பது

மாறும் வட்டிக் கடனில் விகிதம் ஏறினால் பல இடங்களில் தவணையை அப்படியே வைத்துக் காலத்தை நீட்டிவிடுவார்கள். மாதம் கணக்கிலிருந்து போகும் தொகை மாறாததால் கடன் வாங்கியவருக்கு ஒன்றும் தெரிவதில்லை. கடன் எடுத்த உடனேயே வட்டி 9இலிருந்து 10 ஆகிறது, தவணை 899.73ஆகவே தொடர்கிறது என்று வையுங்கள். 240 மாதக் கடன் 314 மாதம் ஆகிவிடும். ஒரு சதவீதத்துக்கு ஆறு ஆண்டு இரண்டு மாதம் கூடுதல். இதே ஏற்றத்தைத் தவணையில் ஏற்றினால் 965.02 வரும், மாதம் 65 கூடுதலாகக் கட்டினால் 20 ஆண்டிலேயே முடிந்துவிடும்.

11 சதவீதம் ஆனால் நிலைமை வேறு. மாத வட்டி 916.67, பழைய தவணை வட்டிக்கே போதாது. கட்டாமல் விட்ட வட்டி அசலோடு சேர்ந்து, தவறாமல் தவணை கட்டியும் கடன் வளரும். விகிதம் மாறியதாக அறிவிப்பு வந்தால் பார்க்க வேண்டிய எண் ஒன்றுதான்: மீதித் தவணைகள் எத்தனை? அது கூடியிருந்தால், தவணையை உயர்த்தச் சொல்லி எழுத்தில் கேளுங்கள்.

ஆரம்பத்தில் குறைந்த நிலையான வட்டி, சில ஆண்டு கழித்து மாறும் வட்டி என்ற கடனுக்கும் அட்டவணையில் இரண்டாம் கட்ட விகிதத்தைப் போட்டே பாருங்கள். முதல் கட்ட விகிதத்தை 20 ஆண்டுக்கும் நீட்டிப் பார்த்து மகிழ்வதில் அர்த்தமில்லை.

சதவீதம் ஒன்று, கணக்கு வேறு

இரண்டு கடனிலும் சதவீதம் ஒன்றாக இருந்தாலும் செலவு ஒன்றாக இருக்காது. ஃப்ளாட் வட்டி என்றால் அசல் குறையக் குறைய வட்டி குறையாது. முழுக் கடனுக்கும் கடைசிவரை போடுவார்கள். 6 சதவீத ஃப்ளாட் வட்டியில் 20 ஆண்டுக்கு 1,20,000 வட்டி, தவணை 916.67. குறைந்துவரும் மீதிக்கு 9 சதவீதம் போட்ட தவணையைவிட இது அதிகம். உண்மையில் இது 9.26 சதவீதக் கடன்.

மீதியை எப்போது குறைக்கிறார்கள் என்பதும் முக்கியம். மாதாமாதம் கட்டினாலும் அசலை ஆண்டுக்கு ஒருமுறைதான் கழிப்போம் என்றால் 9 சதவீதத்துக்கே தவணை 912.89 ஆகிறது. ஒப்பந்தத்தில் தினசரி, மாதம், ஆண்டு என்று எது எழுதியிருக்கிறது என்று படியுங்கள்.

அடுத்தது கட்டணங்கள். 1 சதவீதம் பரிசீலனைக் கட்டணம் பிடித்துக்கொண்டால் கைக்கு வருவது 99,000. தவணை 1 லட்சத்துக்கு. 20 ஆண்டும் வைத்திருந்தால் இது 9.14 சதவீதக் கடனுக்குச் சமம். ஐந்தே ஆண்டில் அடைத்தால் 9.26 சதவீதம். ஒருமுறைக் கட்டணம் குறைந்த காலத்தில் அதிகமாகக் கடிக்கும். ஆகவே எத்தனை ஆண்டு வைத்திருக்கப் போகிறீர்கள் என்று முடிவு செய்யாமல் இரண்டு கடன்களை ஒப்பிட முடியாது. மதிப்பீட்டுக் கட்டணம், சட்ட ஆலோசனை, அடமானப் பதிவு, முன்கூட்டி அடைத்தால் அபராதம் எல்லாவற்றையும் எழுதிவைத்து, கையில் வந்ததையும் கையிலிருந்து போவதையும் மாதவாரியாக ஒரு பத்தியில் போட்டு, விரிதாளின் ஐஆர்ஆர் (IRR) ஃபங்ஷனில் கொடுங்கள்; வந்ததையும் போனதையும் வைத்து வட்டி விகிதத்தைக் கண்டுபிடிப்பது அது. வரும் மாத விகிதத்தை 12ஆல் பெருக்கினால் உண்மை விகிதம்.

கடனோடு சேர்த்து விற்கப்படும் ஆயுள் காப்பீட்டில் கவனம் தேவை. பிரீமியம் 2,000ஐக் கடனிலேயே சேர்த்துவிட்டால் 20 ஆண்டில் அதற்கு 4,319 கட்டுவீர்கள். காப்பீடு அவசியம்தான், தனியாக எடுத்தால் என்ன விலை என்று கேட்டுவிட்டுச் சேருங்கள்.

சொத்து வரி, பராமரிப்பு, வீட்டுக் காப்பீடு இவை வீட்டின் செலவு, கடனின் செலவு அல்ல. கடன் இல்லாவிட்டாலும் வரும். தனித் தாளில் எழுதுங்கள்; ஆனால் தவணை தாங்குமா என்று பார்க்கும்போது இரண்டு தாளையும் கூட்டிப் பாருங்கள்.

கூடுதலாகக் கட்டினால்

செலவைக் குறைக்க உங்கள் கையில் இருக்கும் பெரிய கருவி இதுதான், அதுவும் தொடக்கத்தில். முதல் ஆண்டு முடிவில் 10,000 கூடுதலாகக் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால் 50 மாதம் குறையும். கட்டிய 10,000 போக நிகர மிச்சம் சுமார் 35,400. அதே 10,000ஐ 15ஆம் ஆண்டு முடிவில் கட்டினால் நிகர மிச்சம் சுமார் 4,770தான்.

கூடுதல் தொகை கட்டும்போது பெரும்பாலும் ஒரு கேள்வி வரும்: காலத்தைக் குறைப்பதா, தவணையைக் குறைப்பதா? முதல் ஆண்டு முடிவில் கட்டிய அந்த 10,000க்கே, தவணையைக் குறைத்தால் அது 808 ஆகும், நிகர மிச்சம் சுமார் 10,900. காலத்தைக் குறைப்பதில் கிடைப்பதில் மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவு. நீங்கள் சொல்லாவிட்டால் எதைச் செய்வார்கள் என்பது இடத்துக்கு இடம் மாறும், அதனால் எழுத்தில் சொல்லுங்கள். இன்னொரு தவறு: கூடுதல் தொகையை அடுத்த மாதத் தவணைக்கான முன்பணமாக வரவு வைத்துவிடுவது. அப்படிச் செய்தால் அசல் குறையாது. கட்டிய அடுத்த வாரம் கணக்கறிக்கை எடுத்து அசல் குறைந்திருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.

மொத்தமாகக் கட்ட முடியாதவர் மாதம் 100 கூட்டிக் கட்டலாம். 240 மாதம் 186 ஆகும், வட்டியில் சுமார் 30,000 மிச்சம். அதற்குமுன் சில மாதச் செலவுக்கான பணம் கையில் இருக்கட்டும். அசலில் போட்ட பணத்தை அவசரத்துக்குத் திரும்ப எடுக்க எல்லாக் கடனிலும் வசதி இல்லை.

வேறு இடத்துக்கு மாற்றுவது

ஐந்து ஆண்டு கழித்து, மீதி 88,707ஐ 8.5 சதவீதத்தில் தருகிறேன் என்று வேறொருவர் வருகிறார். புதிதாக 20 ஆண்டு என்றால் தவணை 770. மாதம் 130 குறைகிறது, கேட்க இனிமை. ஆனால் இனிமேல் கட்டப்போவது 1,84,757. பழைய கடனிலேயே இருந்தால் மீதி 180 தவணைக்கு 1,61,951தான். வட்டி குறைந்தும் 22,800 நஷ்டம்.

மீதியிருந்த அதே 15 ஆண்டுக்கு மாற்றினால் தவணை 873.53, மாதம் 26 மிச்சம், மொத்தம் சுமார் 4,700. மாற்றும் செலவு மீதியில் ஒன்றரை சதவீதம், அதாவது 1,331 என்றால், அது திரும்பி வர 51 மாதம். அதற்குள் வீட்டை விற்பதாக இருந்தால் மாற்ற வேண்டாம். மாற்றும் முன் இப்போதைய இடத்திலேயே விகிதத்தைக் குறைக்கச் சொல்லிக் கேளுங்கள். புதியவர்களுக்குக் கொடுக்கும் விகிதத்தைச் சிறு கட்டணத்துக்குப் பழையவர்களுக்கும் தரும் இடங்கள் உண்டு, கேட்காதவருக்குத் தருவதில்லை.

மொத்த வட்டியைப் பார்த்து மிரளவும் வேண்டாம்

1 லட்சத்துக்கு 2,15,934 கட்டுகிறோம் என்பது சரியான கூட்டல், ஆனால் இன்றைய பணத்தையும் 20 ஆண்டு கழித்து வரும் பணத்தையும் ஒன்றாக வைத்துக் கூட்டியது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுகிறது என்று வைத்தால், கடைசித் தவணை 899.73இன் இன்றைய மதிப்பு 339. எல்லாத் தவணைகளையும் இப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால் 1,37,600 வரும். நிஜமான சுமை லட்சத்துக்கு 37,600. விலைவாசி 3 சதவீதமே ஏறினால் சுமை இதைவிட அதிகம். வருமானம் விலைவாசியோடு ஏறாதவருக்கும் இந்த ஆறுதல் பொருந்தாது.

கூடுதலாகக் கட்டுவதா, அந்தப் பணத்தை வேறு எங்காவது போடுவதா என்பதையும் இப்படியே பாருங்கள். 9 சதவீதக் கடனில் கட்டும் பணம் ஆபத்தே இல்லாமல் 9 சதவீதம் சம்பாதிக்கிறது. வட்டிக்கு வரிச்சலுகை கிடைத்தால் அதைக் கழித்துக்கொள்ளுங்கள். வேறு முதலீடு வரி போக அதைவிட அதிகம், அதுவும் நிச்சயமாகத் தருமா என்பதுதான் ஒப்பீடு.

ஆண்டுக்கு ஒருமுறை கணக்கறிக்கை வாங்கி மீதி அசல், மீதித் தவணை எண்ணிக்கை இரண்டையும் உங்கள் அட்டவணையோடு ஒத்துப் பாருங்கள். சில்லறை வித்தியாசம் தேதிக் கணக்கால் வரும். ஆயிரக்கணக்கில் வந்தால் விளக்கம் கேளுங்கள். கடைசித் தவணை கட்டியதும் பாக்கி இல்லை என்ற சான்று, மூலப் பத்திரங்கள், பதிவில் அடமானம் நீக்கியதற்கான ஆவணம் மூன்றையும் வாங்குங்கள். அடமான நீக்கத்துக்கு ஒரு கட்டணம் இருந்தால் அதுவும் அட்டவணையின் கடைசி வரியில் ஏற வேண்டிய செலவு.